சாரத்தில் ஏற முடியுமா?

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. மகளுக்குப் பிரசவம் நல்லபடியாக முடிந்ததில் எங்கள் இருவருக்கும் ரொம்பச் சந்தோஷம். ஆடி கழிந்ததும் பேரனைப் பார்க்க வருகிறோம்.

உடனே பதில் எழுத முடியாமல் போனதற்குக் காரணம் அக்கா மகன் செல்வத்தின் விபத்து வழக்கு. போன வாரம்தான் தீர்ப்பு வந்தது. லாரி இடித்தபோது அவனுக்கு 32 வயது, கொத்தனார் வேலை. இப்போது வலது முழங்கால் மடங்காது. மருத்துவக் குழு 40 சதவீத ஊனம் என்று சான்று கொடுத்திருந்தது. அப்படியானால் வருமான இழப்பும் 40 சதவீதம்தான் என்பது காப்பீட்டு நிறுவனத்தின் வாதம்.

மூன்று வருடம் வாய்தா, வாய்தா என்றே போனது. அதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். சாட்சி சொல்லக் கூப்பிட்ட அன்று நடந்ததுதான் என்னை உலுக்கிவிட்டது. சாட்சியத்தை எழுத்தில் கொடுக்கும் பிரமாணப் பத்திரத்தை, அதாவது ப்ரூஃப் அஃபிடவிட்டை, எங்கள் வக்கீல் தயாரித்திருந்தார். இவன் அதில் கையெழுத்துப் போட்டிருந்தான், உள்ளே என்ன இருக்கிறது என்றே தெரியாது. குறுக்கு விசாரணையில் காலைப் பற்றி எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டது ஒரே கேள்வி: "உங்களால் நடக்க முடிகிறதா?" "நடப்பேன் ஐயா" என்றான். அது பதிவாகிவிட்டது. ஒரு நொடியில் வழக்கே போய்விட்டது என்று நினைத்தேன்.

நீதிபதி விடவில்லை. அவராகவே கேட்டார்: "சாரத்தில் ஏற முடியுமா? குந்தி உட்கார்ந்து கல் வைக்க முடியுமா?" செல்வம் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் சொன்னான்: "கீழே நின்று கலவை போடலாம்மா. அதுக்கு யாரும் கொத்தனார் கூலி தரமாட்டாங்க."

உச்ச நீதிமன்றம் 2010இல் ஒரு தீர்ப்பில் இதைத்தான் சொல்லியிருக்கிறது. இடது கையை இழந்தவர் குமாஸ்தா என்றால் வருமானம் குறையாமலே இருக்கலாம், தச்சர் என்றால் பிழைப்பே போய்விடும். உடம்பின் ஊனம் வேறு, சம்பாதிக்கும் திறன் போவது வேறு. மருத்துவ சாட்சியம் வரும்போது விபத்து வழக்கை விசாரிக்கும் தீர்ப்பாயம் வாய்மூடிப் பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது என்றும் அதில் இருக்கிறது. மோட்டார் வாகனச் சட்டத்தின் 169ஆவது பிரிவு சுருக்கமாக விசாரிக்கலாம் என்கிறது. சுருக்கம் என்றால் கேட்காமலே முடிப்பது என்று ஆகிவிடக் கூடாது, இல்லையா?

கணக்கைப் பார். மாதம் 15,000, எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்தால் 21,000. வருடத்துக்கு 2,52,000. அதை எத்தனையால் பெருக்குவது என்பது வயதைப் பொறுத்தது, 32 வயதுக்கு 16. திறன் இழப்பு 40 சதவீதம் என்றால் 16,12,800 ரூபாய். நீதிபதி 75 சதவீதம் என்று வைத்தார், 30,24,000 வந்தது. இரண்டு கேள்விகளில் இவ்வளவு வித்தியாசம்! அந்த நீதிபதி அன்று விடுப்பில் இருந்திருந்தால்? யார் நாற்காலியில் இருக்கிறார்கள் என்பதைப் பொறுத்தா ஒருவனுடைய வாழ்க்கை இருக்க வேண்டும்?

எதிர்த்தரப்பு வக்கீல் லைசென்ஸ், ஹெல்மெட் எல்லாம் துருவித்துருவிக் கேட்டார். கேட்கட்டும். பொய் மனுக்களும் வரத்தான் செய்கின்றன, அவர்களும் விசாரிக்கத்தான் வேண்டும். பதில் சொல்ல இவனுக்கும் அதே அளவு இடம் கிடைக்க வேண்டும், அதைத்தான் கேட்கிறேன்.

மேல்முறையீட்டுக்குக் காப்பீட்டு நிறுவனத்துக்கு 90 நாள் இருக்கிறது. பணம் கைக்கு வர இன்னும் எத்தனை நாளோ. அக்கா மட்டும் இப்போதுதான் ராத்திரி தூங்குகிறாள்.

உன் மைத்துனருக்கு பைக் விபத்து என்று எழுதியிருந்தாயே, ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடாதே. விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்று 2022 ஏப்ரலிலிருந்து சட்டத்தில் இருக்கிறது. எஃப்.ஐ.ஆர். நகல், டிஸ்சார்ஜ் சம்மரி, மருந்துக்கடை பில் ஒன்று விடாமல் எடுத்து வை. அவர் என்ன வேலை செய்தார், எதைச் செய்ய முடியவில்லை என்பதை அவர் வாயால் சொல்லச்சொல்லி நீயே ஒரு தாளில் எழுது. வக்கீலிடம் முதலில் அதைக் கொடு. எழுதியதும் எனக்கும் ஒரு நகல் அனுப்பு, செல்வத்தையும் கூட வைத்துப் படித்துப் பார்க்கிறேன்.

அன்புடன்,
சுந்தரம்