குமாசியில வாங்குன ஸ்டூல்

மாப்ள,

எப்படிடா இருக்க? அப்பாவுக்கு முட்டி வலி தேவலையா? லெட்டர் போட லேட்டாயிருச்சு, கோச்சுக்காத.

போன மாசம் கானா நாட்டுல குமாசி பக்கத்துல அஹ்வியானு ஒரு ஊருக்குப் போனேன், மாம்போங் போற ரோட்டுல இருக்கு, ரோட்டோரமெல்லாம் மரவேலைதான். எனக்கு உங்கப்பா ஞாபகம்தான் வந்துச்சு, ஏன்னா அங்கயும் மரத்த செதுக்குற வேலை முக்கால்வாசி வாச்சியிலதான்டா நடக்குது. அசாந்தி ஸ்டூல்னு கேள்விப்பட்டிருப்ப, அசாந்திங்கறது அந்தப் பக்கத்து ஜனங்க பேரு. உக்கார்ற பலகை, நடுக்கால், அடிப்பலகை எல்லாமே ஒரே கட்டையில செதுக்குனது, ஆணி கிடையாது, பசை கிடையாது, ஒரு ஒட்டு கூட இல்ல. மரத்து பேரு செசே, வெள்ளையா லேசா இருக்கும். பச்சையா இருக்கும்போதே செதுக்கிருவாங்க, அப்பதான் வாச்சி வெண்ணெய் மாதிரி எறங்கும். அந்தக் காலத்துல உப்புத்தாளுக்கு பதிலா நம்ம பராய் இலை மாதிரி சொரசொரன்னு இருக்கற ஒரு அத்தி இலைய வச்சு தேய்ப்பாங்களாம்.

அங்க ஒரு ஸ்டூல் சாஞ்சு கெடந்துச்சு, விழுந்துருச்சு போலன்னு நான் பாட்டுக்கு நிமித்தி வச்சேன், பெரியவர் ஒருத்தர் அவசரமா வந்து திரும்ப சாச்சு வச்சுட்டாரு. ஆளு உக்காராதப்ப சாச்சுதான் வைக்கணுமாம், இல்லன்னா போற வர்ற ஆவி ஏதாச்சும் உக்காந்துக்குமாம். ஸ்டூல்ல அதோட சொந்தக்காரர் உசுரே இருக்குன்னு நம்புறாங்க. தலைவர் செத்தா 'ஸ்டூல் விழுந்துருச்சு'ன்னுதான் சொல்வாங்க, நல்லா ஆண்டவரா இருந்தா அவர் ஸ்டூலுக்கு கரி, முட்டை எல்லாம் பூசி கருப்பாக்கி தனி ரூம்ல வச்சு கும்புடுவாங்க.

இதுல தங்க ஸ்டூல்னு ஒண்ணு இருக்கு, வானத்துல இருந்து எறங்குனதுன்னு சொல்றாங்க, அதுல ராஜா கூட உக்கார மாட்டாரு. 1900ல ஹாட்ஜ்சன்னு ஒரு வெள்ளைக்கார கவர்னர் அதைக் கொண்டாங்க, நான் உக்காரணும்னு கேட்டாரு பாரு, யா அசாந்தேவாங்கற அம்மா தலைமையில சண்டையே வந்துருச்சு. அந்தம்மாவ பிடிச்சு சீஷெல்ஸ் தீவுக்கு நாடு கடத்திட்டாங்க, 1921ல அங்கயே செத்துட்டாங்க, ஆனா ஸ்டூல் மட்டும் வெள்ளைக்காரங்களுக்கு கெடைக்கவே இல்ல.

நானும் ஒண்ணு வாங்குனேன்டா. கொண்டாந்து ஏசி ரூம்ல வச்சேன், பத்தே நாள்ல பலகையில ஒரு விரல் நீளத்துக்கு வெடிப்பு. பச்சை மரம்னு தெரிஞ்சே வச்சது என் தப்புதான். மரத்தூளும் பசையும் வச்சு அடைக்கலாமா, இல்ல இன்னும் காயட்டும்னு விட்டுறணுமான்னு அப்பாகிட்ட கேட்டு சொல்லு. இப்போதைக்கு கட்டிலுக்கு அடியில வச்சிருக்கேன், சாச்சுதான்.

உன்
குமார்