கேஸ தள்ளுறதுக்கு முன்னாடி கட்சிக்காரருக்கு ஒரு தகவல் சொல்லுங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

வக்கீல் ஆஜராகலன்னு மனு தள்ளுபடின்னு உங்க பேப்பர்ல அப்பப்ப செய்தி வருது, எங்க அப்பா கேஸும் அப்படித்தான் போச்சு, அதான் எழுதறேன்.

அப்பா புரோநோட்டு எழுதி வாங்கிட்டு ஒருத்தருக்கு மூணு லட்சம் குடுத்தாரு, திரும்ப வரல, முன்சீப் கோர்ட்ல கேஸ் போட்டோம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் போய் கோர்ட் வராந்தாவுல உக்காந்திருப்பாரு. வக்கீல்தான் "எதுக்கு பெரியவரே அலையறீங்க, சாட்சி சொல்ல கூப்பிடறேன், அப்ப வந்தா போதும்"னாரு. நம்பி வீட்டுல இருந்துட்டாரு. ஏழு மாசம் கழிச்சு குமாஸ்தாகிட்ட கேட்டா "அது அப்பவே டிஃபால்ட்ல போயிடுச்சே சார்"ங்கறாரு, அதாவது நம்ம பக்கம் யாரும் ஆஜராகலன்னு தள்ளுபடி ஆயிடுச்சாம்! அன்னிக்கு வக்கீலுக்கு வேற ஊர் கோர்ட்ல கேஸாம், ஜூனியரும் போகல, எதிர்தரப்பு வக்கீல் மட்டும் நின்னிருக்காரு. காப்பி வாங்கி பாத்தோம், வாதி இல்ல, வக்கீலும் இல்ல, தள்ளுபடின்னு ஒரே வரி. அப்பா அந்த பேப்பர திருப்பி திருப்பி பாத்தாரு, பின்பக்கம் ஏதாவது எழுதியிருக்கான்னு.

அதே கடனுக்காக புதுசா கேஸ் போட முடியாது. பழச ரீஸ்டோர் பண்ண, அதாவது தள்ளுபடிய ரத்து பண்ணி கேஸ திரும்ப எடுக்கச் சொல்லி மனு போட தள்ளுபடி ஆன நாள்லேர்ந்து 30 நாள்தான் டைம், அது எங்களுக்கு தெரியறதுக்கு முன்னாடியே முடிஞ்சு போச்சு, இப்ப தாமதத்த மன்னிக்கச் சொல்லி ஒரு மனு, ரீஸ்டோருக்கு ஒரு மனு, ரெண்டுக்கும் தனித்தனியா அலைச்சல்.

எனக்கு ஆறவே மாட்டேங்கறது இதுதான். ரீஸ்டோர் பண்ணணும்னா எதிராளிக்கு நோட்டீஸ் போய் சேர்ந்தே ஆகணும்னு சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 9 ரூல் 9 சொல்லுது, நியாயம்தான். ஆனா கேஸ தள்ளும்போது அப்பாவுக்கு ஒரு கார்டு கூட போட வேண்டாமா? அவரோட அட்ரஸ் கேஸ் கட்டுலயே இருக்கே. ஜட்ஜுக்கும் ஒரு நாளைக்கு எத்தனை கேஸ், எதிராளியும் எத்தனை தடவை வந்து நிப்பாருன்னு எனக்கும் புரியுது. ஆனா ரபீக் எதிர் முன்ஷிலால் கேஸ்ல 1981லயே சுப்ரீம் கோர்ட், வக்கீல நம்பி ஒப்படைச்ச கட்சிக்காரர் வக்கீலோட தப்புக்கு கஷ்டப்படக் கூடாதுன்னு சொல்லியிருக்கு. கிரிமினல் அப்பீல்ல கூட வக்கீல் வரலங்கற ஒரே காரணத்துக்காக தள்ளக் கூடாது, கேஸ் கட்ட படிச்சு பாத்துதான் தீர்ப்பு சொல்லணும்னு 1996ல பானி சிங் கேஸ்ல வந்தாச்சு. அப்ப சிவில் கேஸ்ல தள்ளுறதுக்கு முன்னாடி இன்னொரு வாய்தா குடுத்து கட்சிக்காரருக்கே நேரா ஒரு நோட்டீஸோ எஸ்எம்எஸ்ஸோ அனுப்பறத கட்டாயம் ஆக்கினா என்ன?

கேஸ் நடத்தறவங்க தயவுசெஞ்சு இ-கோர்ட்ஸ் ஆப்ல உங்க சிஎன்ஆர் நம்பர (ஒவ்வொரு கேஸுக்கும் தனியா குடுக்கற நம்பர்) போட்டு வாய்தா தேதிய நீங்களே பாருங்க. அப்பாகிட்ட பட்டன் போன்தான், இப்ப நான் பாத்து சொல்றேன். தாமத மனு இன்னும் நிக்குது, வாய்தா அன்னிக்கு யார் வேண்டாம்னாலும் கேக்காம பத்து மணிக்கெல்லாம் போய் வராந்தாவுல உக்காந்துடறாரு.

இப்படிக்கு,
உங்கள் வாசகர்