திருப்பித் தராத புத்தகம்

அன்புள்ள சேவியருக்கு,

உன் மகளின் திருமணத்துக்கு வர இயலாமல் ஒரு வாழ்த்து அட்டையை மட்டும் அனுப்பிவிட்டு ஒன்றரை ஆண்டாக வாய் திறவாமல் இருந்தவன் இன்று எழுதுவதற்குப் பரணே காரணம். வெள்ளையடிப்பதற்காக அதைக் காலி செய்தபோது, நாற்பது ஆண்டுகளாக நீ கேட்டுக்கொண்டிருந்ததும், என்னிடம் இல்லவே இல்லை என்று நான் சத்தியம் செய்துகொண்டிருந்ததுமான அந்தப் புத்தகம் கிடைத்துவிட்டது. வீட்டில் அனைவரும் நலம். எனக்குச் சர்க்கரை, அவளுக்கு முழங்கால்.

அபிஷிக்தானந்தர் தம் அருணாசல நாட்களைப் பற்றி எழுதிய அந்தச் சிறு நூலை இரண்டே இரவுகளில் படித்தேன். நீ பாதிரியாராவதற்காகக் குருமடத்தில் இருந்த காலத்தில் இவரைப் பற்றி ஓயாமல் பேசுவாய். காவி உடுத்திய வெள்ளைக்காரர்களில் இன்னொருவர் என்று நான் காதில் வாங்கவே இல்லை. பிரிட்டனி கடற்கரையில் 1910-இல் பிறந்து, 19 வயதில் கெர்கொனான் மடத்தில் பெனடிக்டின் என்ற கத்தோலிக்கச் சபையின் துறவியாகச் சேர்ந்த ஆன்றி லெ சோ (அதுதான் அபிஷிக்தானந்தரின் இயற்பெயர்), இந்தியாவுக்கு வர வேண்டும் என்ற ஆசையை அம்மடத்துக்குள்ளேயே ஆண்டுக்கணக்கில் சுமந்திருக்கிறார். அவர் திருச்சி ஆயருக்கு எழுதிய கடிதம், இங்கே ஏற்கெனவே ஊழியம் செய்துகொண்டிருந்த அருட்தந்தை ஜூல் மோன்ஷனேனின் கைக்குப் போய்ச் சேர்ந்தது. 1948-இல் வந்தார்; 1950 மார்ச்சில் நம் குளித்தலைக்குப் பக்கத்தில், தண்ணீர்ப்பள்ளியின் காவிரிக் கரையில், இருவருமாகச் சாந்திவனத்தைத் தொடங்கினர். சத்து, சித்து, ஆனந்தம் என்பதைப் பிதா, சுதன், பரிசுத்த ஆவி என்று கண்டு, ஆசிரமத்துக்குச் சச்சிதானந்தம் என்று பெயரிட்டனர். இதெல்லாம் உனக்குத் தெரிந்ததுதான்.

என்னைப் பிடித்துக்கொண்ட பகுதி வேறு. 1949 ஜனவரியில் அவர் மோன்ஷனேனுடன் ரமணாசிரமத்துக்குப் போகிறார். மலையளவு எதிர்பார்ப்போடு போய் உட்கார்ந்தவருக்கு எதிரே ஒரு சாதாரண முதியவர்தான் தெரிகிறார், பெருத்த ஏமாற்றம். அங்கிருந்த ஆங்கிலேயப் பெண்மணி ஒருவர், நீங்கள் மூட்டை முடிச்சுகளோடு வந்திருக்கிறீர்கள் என்று சுருக்கென்று சொல்லிவிடுகிறார். பிறகு காய்ச்சல் வருகிறது. அறிவு தளர்ந்து கிடந்த அந்தக் காய்ச்சலில்தான் ரமணரின் முகம் அவரைத் தொடர்ந்து வந்து பற்றிக்கொள்கிறது. அந்தப் பக்கத்தின் ஓரத்தில் உன் பென்சில் கோடு இருக்கிறது, சேவியர். தாள் கிழியும் அளவுக்கு அழுத்திப் போட்டிருக்கிறாய்.

ரமணர் மறைந்த பிறகு, 1952 முதல் அருணாசலக் குகைகளில் லெ சோ மௌனமாகத் தங்கியதும், 1955-இன் இறுதியில் திருக்கோவிலூர்த் தபோவனத்தில் துறவி ஞானானந்த கிரியைக் கண்டு குருவாக ஏற்றதும் அவர் மனத்தைத் தலைகீழாகப் புரட்டிவிட்டன. நான் என்பதே கரைந்துபோகும் இடத்தில் யார் யாரிடம் செபிப்பது என்ற கேள்வி அவரைத் தின்றது. மோன்ஷனேனால் அவ்வளவு தூரம் உடன் செல்ல முடியவில்லை. அத்வைதத்தைத் திரித்துவத்தோடு இசைவிக்க முடியுமா என்ற ஐயம் அவரைக் கடைசிவரை விடவில்லை. 1957-இல் அவரும் பாரிஸில் இறந்துவிட, எதிர்பார்த்த இந்தியத் துறவிகளும் வந்து நிலைக்காத அந்த ஆசிரமத்தில் லெ சோ தனித்துப்போனார். அவர் இறந்து பல ஆண்டுகள் கழித்து, 1986-இல் வெளிவந்த அவருடைய நாட்குறிப்புகளையும் தேடிப் பிடித்துப் படித்தேன். வழி தவறிவிட்டோமோ என்ற அச்சத்தை அவர் எங்கும் பூசி மெழுகவில்லை. ஆனால் குருத்துவத்தையும் விடவில்லை, குகையையும் விடவில்லை. 1964-இல் இறையியலாளர் ரைமோன் பணிக்கருடன் கங்கோத்ரிக்கு யாத்திரை போய் அங்கே திருப்பலி நிறைவேற்றினாரே, அதே மனிதர்தான். சச்சிதானந்தம் பற்றிய அவருடைய இறையியல் நூல் எனக்குக் கடினமாக இருந்தது. பிற்காலத்தில் அவருக்கே அதில் நிறைவில்லை என்று அறிந்தபோது, என் மண்டையை மட்டும் குறை சொல்ல வேண்டியதில்லை என்று ஆறுதல் அடைந்தேன்.

சென்ற மாதம் கரூர்ப் பேருந்து ஏறித் தண்ணீர்ப்பள்ளிக்குப் போனேன். மாலைச் செபத்தில் ஆரத்தி முடிந்ததும் விபூதித் தட்டு வந்தது. காலையில் சந்தனம், நண்பகலில் குங்குமம், மாலையில் விபூதி என்பது அங்குள்ள முறையாம். நான் பழக்கத்தில் மூன்று விரலால் பட்டையாகப் பூசிக்கொண்டேன். பக்கத்தில் இருந்த கன்னியாஸ்திரி ஒருவர் பெருவிரலால் சிறு கீற்றாக இட்டுக்கொண்டு, என் நெற்றியைப் பார்த்துப் புன்னகைத்தார். 1973 ஜூலையில் ரிஷிகேசக் கடைத்தெருவில் பேருந்தைப் பிடிக்க ஓடி மாரடைப்பில் விழுந்து, அந்த டிசம்பரில் இந்தோரில் இறந்த லெ சோவின் உடல் எச்சங்களைப் பின்னாளில் இங்கே கொண்டுவந்து, அவருக்குப் பின் ஆசிரமத்தை நடத்திய பீட் கிரிஃபித்ஸின் சமாதிக்கு அருகில் வைத்திருக்கிறார்கள். விழுந்து கிடந்த அந்த நேரத்தையே தம் வாழ்வின் பெரும் பேறாக அவர் நண்பர்களுக்கு எழுதினாராம். இருட்டும்வரை அங்கே உட்கார்ந்திருந்தேன்.

நீ குருமடத்தை விட்டு வந்தபோது எனக்கு எட்டுப் பக்கத்தில் கடிதம் எழுதினாய். நான் ஓர் அஞ்சலட்டையில், நல்ல வேளை தப்பித்தாய், கல்யாணச் சாப்பாடு எப்போது என்று பதில் போட்டேன். அந்த அட்டையை நினைத்தால் இப்போது கூசுகிறது. உன் எட்டுப் பக்கமும் என்னிடம் இருக்கிறது. அதை இந்த வாரம்தான் ஒழுங்காகப் படித்தேன்.

புத்தகத்தைத் தனியே பதிவு அஞ்சலில் அனுப்பியிருக்கிறேன். உன் பென்சில் கோடுகள் நாற்பதாம் பக்கத்தோடு நின்றுவிடுகின்றன. அதற்குள் நான் இரவல் வாங்கிவிட்டேன் போலும். மிச்சப் பக்கங்களில் நான் எதுவும் குறிக்கவில்லை.

உன்,
ராமநாதன்