சுரங்கம் தோண்டிய முனிவரை விட்டுவிட்டீர்களே!

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

கற்பனை உலகத்துத் தத்துவஞானிகளைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். இல்லாத ஒரு நாடு, அங்கே இல்லாத ஒரு ஞானி, அவருக்குச் சீடர்கள், சீடர்களுக்குள் வாக்குவாதம் என்று சுவையாகவே போனது. ஆனால் கடைசியில், தமிழில் அப்படி ஒரு பாத்திரத்தை யாரும் படைக்கவில்லை என்று போகிற போக்கில் ஒரு வரி இருந்தது. அதைப் படித்ததும் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டேன்.

நீங்கள் தேடும் ஆள் எங்கள் ஊர்க்காரர். மனோன்மணீயம் நாடகத்தில் வரும் சுந்தர முனிவர்தான் அவர்.

நாடகம் 1891-ல் வெளிவந்தது. அதில் வரும் திருநெல்வேலி, ஜங்ஷனிலிருந்து டவுன் பஸ் போகும் திருநெல்வேலி அல்ல. சீவகன் என்ற பாண்டியன், அமைச்சன் குடிலனின் பேச்சைக் கேட்டு, மதுரையை விட்டு இங்கே தலைநகரை மாற்றி ஒரு பெரிய கோட்டையும் கட்டுகிறான். நான்கு ரத வீதியும் சுற்றினாலும் அந்தக் கோட்டை அகப்படாது. நாடகத்தை எழுதிய பேராசிரியர் சுந்தரம் பிள்ளை மனத்தில் கட்டிய கோட்டை அது. கதைக்கரு லிட்டன் பிரபுவின் ஆங்கிலக் கதைப்பாட்டிலிருந்து வந்தது. ஆனால் மண் முழுக்க நம் மண்.

அரசன் தன் கோட்டையைப் பார்த்துப் பூரித்துப்போய் நிற்கிறான். முனிவருக்கோ குடிலன் எப்படிப்பட்டவன் என்று தெரியும், அரசனிடம் சொன்னாலும் ஏறாது என்பதும் தெரியும். அதனால் தனக்கு ஓர் அறையும் அதன் சாவியும் மட்டும் கேட்டு வாங்கிக்கொள்கிறார். அந்த அறைக்கும் ஊருக்கு வெளியே இருக்கும் தன் ஆசிரமத்துக்கும் இடையே ரகசியமாக ஒரு சுரங்கம் உருவாகிறது. நாஞ்சில் நாட்டை வைத்துச் சேரனோடு வீண் சண்டை மூட்டி, தோற்ற அரசனைக் குடிலன் காட்டிக்கொடுக்கப் போகும் நேரத்தில் அந்தச் சுரங்கம்தான் கதையைத் திருப்புகிறது. ஞானி என்றால் கண்ணை மூடி உட்கார்ந்து நாலு பொன்மொழி சொல்வார் என்றுதான் நினைப்போம். இவர் மண்ணைத் தோண்டும் வேலையில் அல்லவா இறங்கினார்!

சீடர்கள் கதையும் உண்டு. நிட்டாபரருக்கு நிட்டையே, அதாவது தியானமே, பெரிது. கருணாகரருக்கு, கண்ணெதிரே உயிர்கள் துன்பப்படும்போது தனியே போய் உட்கார மனம் வராது. இருவரும் வாதிடும் இடத்தை நான் பலமுறை படித்திருக்கிறேன். என் ஓட்டு கருணாகரருக்குத்தான். அப்புறம் நாடகத்தில் நடராசன் என்பவன், நாங்கூழ்ப் புழுவைப் பார்த்து அதன் உழைப்பை வியந்து பேசும் ஓர் இடம் வரும். நாங்கூழ் என்றால் மண்புழுதான். கோடகன் கால்வாய்த் தண்ணீரில் நெல் போடுகிறவன் நான். அதைப் படித்த பிறகு வயலில் மண்புழுவைக் கண்டால் கொஞ்சம் ஒதுங்கித்தான் நடக்கிறேன்.

முனிவரிடம் எனக்கு ஒரு குறையும் உண்டு. இவ்வளவு தெரிந்தவர், அரசன் மகள் மனோன்மணிக்கும் குடிலன் மகன் பலதேவனுக்கும் நள்ளிரவில் மணம் என்ற அளவுக்கு விஷயத்தைப் போகவிட்டிருக்க வேண்டாம். கடைசியில் அவள் மாலை சேரன் புருடோத்தமன் கழுத்தில்தான் விழுகிறது, சரி. ஆனால் அதுவரை அந்தப் பெண் பட்ட பாடு?

சுந்தரம் பிள்ளை திருநெல்வேலியில் பள்ளித் தலைவராக இருந்தவர், பிறகு திருவனந்தபுரத்தில் தத்துவப் பேராசிரியர். கோடகநல்லூர் சுந்தர சுவாமிகள்தான் அவருக்கு ஞானாசிரியர். அந்தக் குருவை நினைத்தே நாடகத்து முனிவரைப் படைத்தார் என்று சொல்வார்கள். கோடகநல்லூர் எங்கள் ஊரிலிருந்து கூப்பிடு தூரம். செவ்வாய்க் கிழமை கைலாசநாதர் கோயிலுக்குக் கூட்டம் வருகிறது. வருகிறவர்களில் யாராவது சுவாமிகளைப் பற்றி விசாரித்து நான் பார்த்ததில்லை.

நூலாசிரியர் 1897-ல், 42 வயதிலேயே போய்விட்டார். அபிஷேகப்பட்டியில் 1990-ல் தொடங்கிய பல்கலைக்கழகத்துக்கு அவர் பெயரே வைத்தார்கள். இந்த நாடகத்தின் தொடக்கப் பாடலான ‘நீராருங் கடலுடுத்த’ 1970-ல் தமிழ்த்தாய் வாழ்த்தாகி, 2021 டிசம்பரில் மாநிலப் பாடலும் ஆயிற்று. 55 விநாடி எழுந்து நிற்கிறோம். அப்புறம் உட்கார்ந்துவிடுகிறோம். பாட்டுக்கு அடுத்த பக்கத்தைத் திருப்புவாரில்லை. எந்தப் பெரிய கோயிலுக்குப் போனாலும், இங்கிருந்து அங்கே சுரங்கம் இருக்கிறது என்று சொல்ல ஒருவர் இருப்பார். முனிவர் தோண்டிய சுரங்கத்தைப் பற்றி மட்டும் யாரும் பேசக் காணோம்.

கட்டுரையாளரைக் குறை சொல்லவில்லை. அடுத்த இதழில் அந்த நாங்கூழ்ப் புழுப் பகுதியை மட்டுமாவது, சொற்பொருளோடு வெளியிட முடியுமா என்று பாருங்கள். ஒரு பக்கம் போதும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
சுத்தமல்லி, திருநெல்வேலி மாவட்டம்.