'விடு' என்றால் என்னவென்று கேட்டாயே

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லாரும் நலம். உன்னோடு வேலை பார்க்கிற பெண் தமிழ் படிக்கிறாள், 'விடு' என்பதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டு உன்னைப் பிடித்துக்கொண்டாள் என்றாயே, அது போனில் சொல்லி முடிகிற சங்கதியா? அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

கையில் பிடித்திருப்பதை விடுவது என்று நீ சொன்னது சரிதான். ஆனால் அதை மட்டும் நம்பித் தெருவில் இறங்கினால் அவள் திண்டாடிப்போவாள். 'வண்டியை விடு' என்றால் ஓட்டு. 'ஆளை விடு' என்றால் என்னைத் தொந்தரவு பண்ணாதே. 'ஆளை விட்டு மிரட்டினான்' என்றால் அடியாள் அனுப்பினான். மழை விட்டால் நின்றுபோச்சு, செடி துளிர் விட்டால் இப்போதுதான் ஆரம்பம். பள்ளிக்கூடம் விட்டாச்சு என்றால் முடிந்தது. புதுசாக பஸ் விட்டிருக்கிறார்கள் என்றால் தொடங்கியிருக்கிறது. நிற்பதற்கும் தொடங்குவதற்கும் ஒரே சொல்லை வைத்துக்கொண்டு நாம் குழம்பாமல் பேசுகிறோம், பார்!

பொய்க்கு இதில் கிடைத்திருக்கிற இடம் பெரிசு. கதை, ரீல், பீலா, உடான்ஸ், உதார் எல்லாமே விடுவதுதான். எல்லாம் ஒன்றுதான் என்று அவளிடம் சொல்லிவைக்காதே. வீட்டுப்பாடம் எழுதாத அன்றைக்கு உனக்கு வயிற்றுவலி வருமே, அது கதை. இல்லாத பெருமையை அளப்பது பீலா. 'நான் யார் தெரியுமா' என்று நெஞ்சை நிமிர்த்துவது உதார். அதில் பொய்யைக் காட்டிலும் மிரட்டல்தான் தூக்கலாக இருக்கும். ரீல் நீளமாக ஓடும். படச்சுருள் காலமே போய்விட்டது, இந்த ரீல் மட்டும் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. சென்னைப் பேச்சில் 'வி' சொல்லக்கூடப் பொறுமை இல்லாமல் 'உடு' என்பார்கள். 'உடு மச்சி' என்பதில் இருக்கிற ஆறுதல் 'விடு நண்பா' என்றால் வருமா? ஜொள்ளு, லுக்கு, நூல் இவையும் விடுகிற வகைதான். அதையெல்லாம் நீயே விளக்கிக்கொள், நான் வரவில்லை.

அவளுக்குக் கண்ணில் படாத 'விடு' ஒன்று உண்டு. 'சாப்ட்டுட்டேன்' என்று தினமும் எனக்கு அனுப்புகிறாயே, அதற்குள்தான் ஒளிந்திருக்கிறது. சாப்பிட்டு, விட்டேன். 'வி'யை விழுங்கிவிட்டோம், 'ட்டேன்' மட்டும் மிச்சம். 'சாப்ட்டேன்' என்றால் வெறும் தகவல். 'சாப்ட்டுட்டேன்' என்றால் காரியம் முடிந்தது, மேற்கொண்டு கேள்வி வேண்டாம். (நான் கேட்பேன் என்பது வேறு விஷயம்.) 'கண்ணாடி உடைந்தது' என்று யாரும் சொல்லலாம், 'உடைந்துவிட்டது' என்பதில் ஒரு 'அடடா' சேர்ந்துகொள்கிறது. 'வந்துவிடுவான்' என்றால் கவலைப்படாதே என்று அர்த்தம். 'சொல்லாதே' என்பது கட்டளை, 'சொல்லிவிடாதே' என்றால் வாய் தவறிக்கூட வந்துவிடக் கூடாது என்ற பயம். இந்த இடம் பிடிபட்டால் அவளுக்குப் பாதித் தமிழ் வந்த மாதிரி.

இலக்கணத்திலும் இதற்கு மரியாதை உண்டு. பவணந்தி முனிவர் நன்னூலில் வினைச்சொற்கள் முடிகிற 23 எழுத்துகளுக்கும் ஒவ்வொரு சொல்லாக 'நட, வா, மடி, சீ, விடு' என்று அடுக்கிக்கொண்டு போவார். 'உ'வில் முடிகிறதற்கு அவர் எடுத்துக்கொண்டது நம்ம 'விடு'தான். கெடு நீண்டால் கேடு, சுடு நீண்டால் சூடு, விடு நீண்டால் வீடு. அறம், பொருள், இன்பம், வீடு என்கிறோமே, அங்கே வீடு என்றால் விடுதலை. நாம் பூட்டுப் போட்டுக்கொண்டு உள்ளே உட்கார்ந்திருப்பதற்கும் அதே பேர்!

அட்டவணை போட்டு மனப்பாடம் பண்ணச் சொல்லாதே. முன்னால் வருகிற சொல்லோடு சேர்த்தே எழுதிவைக்கட்டும். எழுதும்போது இடைவெளியையும் கவனிக்கச் சொல். 'என்னைவிட அவன் உயரம்' சேர்த்து எழுதுவது, 'என்னை விட மாட்டேன் என்கிறான்' பிரித்து எழுதுவது.

அடுத்ததாக 'போடு' என்றால் என்ன என்று கேட்பாள் பார். அதற்கு அப்பாவை எழுதச் சொல்கிறேன்.

இப்படிக்கு,
அம்மா