ஒரே நம்பர் கேட்ட மகளுக்கு

அன்பு மகள் பூங்கொடிக்கு,

அப்பா எழுதுவது. இங்கு எல்லாரும் நலம். நீயும் மாப்பிள்ளையும் நலந்தானே? புனேயில் மழை விட்டபாடில்லை என்று அம்மாவிடம் சொன்னாயாம். ஈரத்துணியைக் கட்டிக்கொண்டு ஆபீசுக்கு ஓடாதே.

உன் வாட்ஸப்பைப் பார்த்தேன். "அப்பா, டேங்க் கன் எவ்வளவு தூரம் சுடும்? ஒரே நம்பரா சொல்லுங்க, சிமுலேட்டர் புரோகிராம்ல போடணும்." போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் நீ 'ம்' கொட்டிக்கொண்டே கீபோர்டைத் தட்டுவது எனக்குக் கேட்கும். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

நம்பர்தானே? தருகிறேன். ஒன்பது கிலோமீட்டருக்கும் மேல். 2,100 மீட்டர். 800 மீட்டர். மூன்றும் சரி. மூன்றும் ஒரே டேங்கின் ஒரே குழல்: டி-72, 125 மில்லிமீட்டர். நம் ஆவடி தொழிற்சாலையில் 'அஜேயா' என்று பேர் வைத்துச் செய்தார்களே, அதுதான். எந்தக் குண்டு, எந்த வேளை, கன்னர் கண்ணுக்கு என்ன தெரிகிறது, இந்த மூன்றையும் சொல்லாமல் தூரம் கேட்டால் நான் இப்படித்தான் பதில் சொல்வேன்.

ஒன்பது கிலோமீட்டரை முதலில் ஓரங்கட்டிவிடுகிறேன். வெடிமருந்து நிரப்பிய ஹெச்.ஈ. குண்டைப் போட்டு, குழல் எவ்வளவு தூக்குமோ அவ்வளவும் தூக்கிச் சுட்டால் அது அங்கே போய் விழும். எங்கே விழுந்தது என்று கன்னருக்குத் தெரியாது. வேறொருவன் முன்னால் நின்று பார்த்துச் சொல்ல வேண்டும். அது ஆர்ட்டிலரிக்காரன் வேலை, அவனே நன்றாகச் செய்வான். டேங்க் என்பது கண்ணால் பார்த்ததைச் சுடுகிற வண்டி. தரையிலிருந்து இரண்டரை மீட்டர் உயரத்தில் கண் இருந்தால், பூமி உருண்டையாக இருப்பதாலேயே ஐந்தரைக் கிலோமீட்டருக்கு அப்பால் தரை தெரியாது. அதுவும் மேடு பள்ளமில்லாத வெட்டவெளியில். பஞ்சாபில் கரும்பு, வாய்க்கால் கரை, மரவரிசை எல்லாம் கழித்தால் ஆயிரம் மீட்டர் பார்வை கிடைப்பதே பெரும்பாடு.

இப்போது 2,100. உன் புரோகிராமுக்கு முக்கியமானது இதுதான், நிதானமாகப் படி.

டேங்கை உடைக்கிற முக்கியக் குண்டுக்கு நாங்கள் சொல்லும் பேர் சேபோ. அதற்குள் வெடிமருந்து கிடையாது. விரல் தடிமனைவிடச் சற்றுப் பெரிய, நீளமான கன உலோகக் கம்பி, வாலில் சிறு இறக்கைகள். 125 மில்லிமீட்டர் குழலுக்கு அந்தக் கம்பி மிகவும் ஒல்லி. அதனால் சுற்றிலும் இலேசான உலோகத்தில் மூன்று துண்டாக ஒரு கவசம் மாட்டியிருப்பார்கள். குழலை விட்டு வெளியே வந்ததும் காற்று அந்த மூன்றையும் பிய்த்து எறிந்துவிடும், கம்பி மட்டும் போகும். பிய்ந்த துண்டுகள் முன்னால் சில நூறு மீட்டரில் விழும். டேங்குக்கு முன்னால் நம் காலாட்படை நின்றால் அவன் கதி என்ன என்று யோசித்துக்கொள். உங்கள் சிமுலேட்டரில் அந்த ஆபத்தும் இருக்கிறதா என்று பார்.

அந்தக் கம்பி நொடிக்குச் சுமார் 1,700 மீட்டர் வேகத்தில் போகிறது. இரண்டு கிலோமீட்டர் போக ஒன்றேகால் நொடிகூட ஆகாது. அந்த நேரத்தில் பூமி இழுத்து அது ஏழு மீட்டர் போல இறங்கும். அதற்கு ஈடாகக் குழலைக் கொஞ்சம் தூக்கி வைத்தால், பாதை நடுவில் லேசாக மேடாகி மறுபடி இறங்கும். அந்த மேட்டின் உயரம் இரண்டு மீட்டருக்கு மேல் போகாமல் இருக்கிற அதிகபட்ச தூரம்தான் 2,100. எதிரி டேங்கின் உயரமும் ஏறக்குறைய இரண்டு மீட்டர். கணக்கு புரிகிறதா? அந்தத் தூரத்துக்குள் எங்கே நின்றாலும், தூரத்தை அளக்காமலே குறி வைத்துச் சுட்டால் எங்காவது படும். இதைத்தான் பேட்டில்சைட் என்கிறோம். திடீரென்று முன்னால் ஒருவன் வந்து நின்றால் அளந்துகொண்டிருக்க நேரம் ஏது?

மற்ற குண்டுகளுக்கு இந்தச் சலுகை இல்லை. இதே குழலில் ஹீட் குண்டு (பட்டதும் வெடித்து, உலோகத் தாரையைப் பாய்ச்சிக் கவசத்தைத் துளைப்பது) நொடிக்கு 905 மீட்டரில் கிளம்புகிறது, ஹெச்.ஈ. 850 மீட்டரில். நேரம் ஏற ஏற இறக்கமும் ஏறும். அதற்குத் தூரம் சரியாகத் தெரிந்தே ஆகவேண்டும். மணிக்கு 30 கிலோமீட்டரில் குறுக்கே ஓடுகிற வண்டி, சேபோ போய்ச் சேருவதற்குள் பத்து மீட்டர் நகர்ந்துவிடும். ஹீட் என்றால் இருபதுக்கு மேல்.

எனக்கு மனதுக்குப் பிடித்தது ஹெஷ் குண்டு. நம் பழைய விஜயந்தா டேங்கின் 105 மில்லிமீட்டர் குழலில் அதைச் சுட்டிருக்கிறேன். மெதுவாகப் போகும், வளைந்து போகும். குண்டின் மூக்கு இளகல். சுவரில் பட்டதும் உள்ளே இருக்கும் வெடிமருந்து சாணி வரட்டி தட்டினாற்போல அப்பிக்கொண்டு, அப்புறம் வெடிக்கும். ஓட்டை போடாது. அந்த அதிர்ச்சி இரும்புக்குள்ளே பாய்ந்து உட்பக்கச் சுவரிலிருந்து சில்லுகளைப் பெயர்த்து எறியும். பங்கருக்கும் கட்டடத்துக்கும் அதைப் போல வராது. அது ஒழுங்காகப் போக குண்டு சுழல வேண்டும், அதற்குக் குழலுக்குள் புரி வெட்டியிருக்க வேண்டும். நம் அர்ஜுன் டேங்கின் 120 மில்லிமீட்டர் குழலில் புரி இருக்கிறது. ரஷ்யக்காரர்கள், அமெரிக்கர்கள், ஜெர்மானியர்கள் எல்லாரும் மழமழக் குழலுக்கு எப்போதோ மாறிவிட்டார்கள். இறக்கை வைத்த கம்பிக்கும் ஹீட்டுக்கும் சுழற்சி இடைஞ்சல்தான். எது உசத்தி என்று ரிட்டயர் ஆனவர்கள் கூடினால் இன்றைக்கும் சண்டை வரும். டேங்கை மட்டும் அடிக்க வேண்டுமென்றால் மழமழக் குழல்தான் என்பது என் கட்சி.

சரி, 800. பழைய டி-72-வில் ராத்திரி சுடுவதற்கு லூனா என்று ஒரு அகச்சிவப்பு விளக்கு, குழலுக்குப் பக்கத்தில் மாட்டியிருக்கும். அந்த வெளிச்சம் வெறுங்கண்ணுக்குத் தெரியாது, ராத்திரியில் குறிபார்க்கிற கருவியில், அதாவது ராத்திரி சைட்டில் தெரியும். அதை வைத்துக்கொண்டு எண்ணூறு மீட்டர் பார்த்தால் அதிகம். எதிரியிடமும் அதே மாதிரி சைட் இருந்தால் உன் விளக்கு அவனுக்கு வாசல் கோலம் போட்டுக் கூப்பிடும். பகலில் 2,100 மீட்டருக்கு எமனாக இருந்த குழல், ராத்திரி எண்ணூறுக்குச் சுருங்கிவிடுகிறது. குழலில் ஒரு மாற்றமும் இல்லை.

இதை ஈராக்காரன் 1991 பிப்ரவரி 26-ல் உயிரைக் கொடுத்துத் தெரிந்துகொண்டான். வளைகுடாப் போரில் 73 ஈஸ்டிங் என்று சொல்கிறார்களே, அந்தச் சண்டை. புழுதிக்காற்று. அவனிடம் டி-72, நம்முடையதைப் போலவே 125 குழல். அமெரிக்கர்களின் ஏப்ராம்ஸ் டேங்கில் 120 மில்லிமீட்டர், அதோடு வெப்பத்தைப் பார்க்கிற தெர்மல் சைட். புழுதிக்குள் சூடான எஞ்சின் தெரிகிறது அவர்களுக்கு. ஈராக்காரனுக்கு மணல்தான் தெரிகிறது. மெக்மாஸ்டர் என்கிற அமெரிக்கக் கேப்டனின் ஒரே படைப்பிரிவு அரை மணி நேரத்துக்குள் இருபத்தெட்டு டேங்கை முடித்தது. ஈராக்கியர்களிடம் இருந்த குண்டும் மட்டரகம், அதையும் சொல்லவேண்டும். ஆனாலும் சுடுவதற்கு முதலில் பார்க்க வேண்டுமே! அதே போரில் பிரிட்டிஷ் சேலஞ்சர் ஒன்று ஐந்து கிலோமீட்டருக்குக் கிட்டத்தில் ஒரு டேங்கை அடித்தது. உன் கம்பெனியில் யாராவது அதைத் தூக்கிக்கொண்டு வந்து "ஐயாயிரம் போடுவோம்" என்பார்கள். வெட்டவெளிப் பாலைவனத்தில் நடந்த ஒரு அடி அது. அதை வைத்து ரெக்ரூட்டுக்குப் பாடம் நடத்தாதே.

தூரத்தை எப்படி அளப்பது என்பது தனிக் கதை. விஜயந்தாவில் பெரிய கன்னுக்குப் பக்கத்தில் ஒரு 12.7 மில்லிமீட்டர் மெஷின்கன் இருக்கும். முதலில் அதில் மூன்று மூன்று தோட்டாவாகச் சுடுவோம். பட்ட இடத்தில் பளிச்சென்று பொறி தெரியும். டார்கெட்டில் பொறி தெரிந்தால் அதே கோட்டில் பெரிய கன்னை வைத்துச் சுடவேண்டியதுதான். 1,800 மீட்டர் வரை நம்பலாம். அடிபடப் போகிறவனுக்கும் முன்கூட்டியே சேதி போய்விடும், அதுதான் அதில் உள்ள குறை. டி-72-வில் லேசர் வந்தது, 4,000 மீட்டர் வரை அளக்கும். உடனே எல்லாரும் இனி கஷ்டமே இல்லை என்று நினைத்தார்கள். ராஜஸ்தானில் மகாஜன் ரேஞ்சில் நின்று பார்த்திருந்தால் தெரியும். டார்கெட்டுக்கு முன்னால் ஒரு கேஜ்ரி மரம், ஒரு முள் புதர், ஒரு புழுதிச் சுருள் போதும், லேசர் அதில் பட்டுத் திரும்பிவிடும். சைட்டில் 1,240 என்று காட்டும், டார்கெட் நிற்பது 1,900-த்தில். 'இது நம்பும்படி இல்லையே' என்று கன்னருக்குச் சட்டென்று தோன்றவேண்டும். மே மாத நடுப்பகலில் கானலில் டார்கெட் தரையை விட்டு எழும்பி மிதக்கும், அடிப்பாகம் எங்கே என்றே தெரியாது.

1965 போரில் பஞ்சாபின் அசல் உத்தரில் நடந்ததும் இதுதான். பாகிஸ்தானிடம் பேட்டன் டேங்க், 90 மில்லிமீட்டர் குழல், தூரம் அளக்க நுட்பமான கருவி. நம்மிடம் செஞ்சுரியன், பழைய ஷெர்மன்கள். நம் ஆட்கள் கரும்புக்குள் பதுங்கி, வயலில் தண்ணீரைத் திறந்துவிட்டு, சேற்றில் இறங்கியவனைச் சில நூறு மீட்டரில் வைத்து அடித்தார்கள். அந்த நுட்பமெல்லாம் கரும்புத் தோட்டத்தில் எதற்கு உதவும்?

நீ சேர்க்கவேண்டிய சின்னச் சின்னப் பிழைகளையும் சொல்லிவிடுகிறேன். சைட்டும் குழலும் ஒரே இடத்தைப் பார்க்கின்றனவா என்று சரிபார்ப்பதை போர்சைட் என்போம். குழல் வாயில் நான்கு பக்கமும் வெட்டுக்குறி இருக்கும். அங்கே கிரீஸைத் தடவி, கறுப்பு நூலைச் சிலுவையாக ஒட்டுவோம். பின்பக்கத்திலிருந்து குழலுக்குள்ளே பார்த்து அந்த நூற்சிலுவையை தூரத்துக் கட்டடத்தின் கூர்மையான ஒரு மூலையில் வைப்போம், பிறகு சைட்டையும் அதே மூலைக்குக் கொண்டுவருவோம். காலையில் ஒழுங்காகச் செய்திருப்பாய். பத்து மணி வெயில் குழலின் ஒரு பக்கம் விழுந்ததும் அந்தப் பக்க இரும்பு விரிந்து குழல் கண்ணுக்குத் தெரியாமல் வளையும். ஆயிரத்தில் ஒரு பங்கு சாய்ந்தால் போதும், இரண்டு கிலோமீட்டரில் இரண்டு மீட்டர் தள்ளிப்போகும். குழலுக்கு மேல் உறை போட்டிருப்பது அழகுக்கு இல்லை. அப்புறம், வண்டி பக்கவாட்டில் பத்து டிகிரி சாய்ந்து நின்றால் குண்டு தாழ்ந்த பக்கம் ஒரு மீட்டருக்கு மேல் ஒதுங்கும். கோடையில் குண்டின் மருந்து சூடேறினால் வேகம் கூடி உயரப் போகும். தேய்ந்த குழலில் வேகம் குறையும். இப்போதைய வண்டிகளில் இதையெல்லாம் கம்ப்யூட்டர் கணக்குப் போடுகிறது. மருந்தின் சூட்டைக் கம்ப்யூட்டருக்குத் தப்பாகக் கொடுத்தால் தப்பான விடையைத் துல்லியமாகக் கொடுக்கும், இதை உனக்கு நான் சொல்லவேண்டாம்.

டி-90 பீஷ்மா டேங்கில் குழல் வழியாகவே இன்வார் ஏவுகணை போகிறது, 5,000 மீட்டர். போய்ச் சேரப் பத்து நொடிக்கு மேல் ஆகும். அவ்வளவு நேரமும் கன்னர் குறியை டார்கெட் மேலேயே வைத்திருக்கவேண்டும். நடுவில் எதிரி ஒரு மேட்டுக்குப் பின்னால் போய்விட்டால் முடிந்தது.

கேட்காததையும் ஒன்று சொல்கிறேன். குழல் எவ்வளவு மேலே போகும் என்று எல்லாரும் கேட்பார்கள், எவ்வளவு கீழே இறங்கும் என்று ஒருவரும் கேட்பதில்லை. ஏப்ராம்ஸில் பத்து டிகிரி இறங்கும், டி-72-வில் ஆறு டிகிரிக்குச் சொச்சம்தான். மேட்டுக்குப் பின்னால் உடம்பை மறைத்து, தலையை மட்டும் காட்டிச் சுடவேண்டும் என்றால் குழல் இறங்கவேண்டும். இறங்காத வண்டி மேட்டுமேல் ஏறி நெஞ்சைக் காட்டவேண்டியிருக்கும். பயிற்சிக்கு வருகிறவனுக்கு நிலத்தைப் படிக்கச் சொல்லிக்கொடுப்பது இங்கேதான் ஆரம்பமாகிறது. அகமதுநகர் டேங்க் பயிற்சிப் பள்ளியில் நான் வகுப்பெடுத்தபோது ரெக்ரூட்டுகளை டேங்கில் ஏற்றுவதற்கு முன்னால் தரையில் படுக்கவைத்து மேட்டைப் பார்க்கச் சொல்வேன். சிரிப்பார்கள்.

கம்பெனிக்காரர்கள் ஒரே நம்பர்தான் வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றால் 2,000 என்று போடு. பக்கத்தில் 'சேபோ, பகல், தெளிந்த வானம்' என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொள்.

இன்னொன்று, முதல் குண்டு சுட்டதும் என்ன ஆகிறது என்று உங்கள் சிமுலேட்டரில் பார்த்தாயா? நீ அனுப்பிய வீடியோவில் சுட்டவுடன் அடுத்த நொடியே டார்கெட் பளிச்சென்று தெரிகிறது. அப்படி இருக்காது. குழல் வாயிலிருந்து கிளம்பும் அடி தரையின் புழுதியை எழுப்பி சைட்டை மறைத்துவிடும். பட்டதா இல்லையா என்று பக்கத்து டேங்க்காரன்தான் ரேடியோவில் சொல்வான். தற்காப்பில் நிற்கும்போது குழலுக்கு முன்னால் தரையில் தண்ணீர் தெளிப்போம், அதற்காகத்தான். இந்தப் பக்கம் டி-72-வில் தானாகக் குண்டு நிரப்புகிற ஆட்டோலோடர் முதலில் குண்டு, பிறகு மருந்து என்று தள்ளும். சுட்ட மருந்து உறையின் அடித்துண்டு மட்டும் பின்பக்க மூடி வழியாக வெளியே தெறிக்கும். குழல் லோடிங் கோணத்துக்கு மூக்கைத் தூக்கிவிட்டுத் திரும்பவரும். புழுதி அடங்கும்வரை கன்னர் ஒன்றும் தெரியாமல் உட்கார்ந்திருப்பான். அந்தச் சில நொடிகளை வைக்காமல் செய்த சிமுலேட்டரில் பழகியவன் ரேஞ்சுக்கு வந்தால் முதல் நாளே தடுமாறுவான்.

தீபாவளிக்கு வரும்போது லேப்டாப்பில் அதைப் போட்டுக் கொண்டுவா. புழுதியை முதலில் வை. மற்றதை உட்கார்ந்து பேசலாம். மாப்பிள்ளைக்கு என் ஆசீர்வாதம்.

அப்பா