கண்ணை வைத்துப் பார்க்காதே

வீரவநல்லூர்,
புதன்கிழமை

அன்புள்ள மூத்தவளுக்கு,

ஞாயிற்றுக்கிழமை ராத்திரி நீ அம்மாவிடம் போனில் கேட்டதை அவள் என்னிடம் கேட்டாள். "ஃபைபர் கேபிள்ல சிவப்பு லைட் அடிச்சா அந்தக் கடைசியில பளிச்சுன்னு வருதாம்லா. நெட்வொர்க் சுவிட்சில சொருகினா மட்டும் லிங்க் ஏறலையாம். அப்பாட்ட கேட்டுச் சொல்லுன்னா." நான் அதே கட்டிலில்தான் உட்கார்ந்திருந்தேன். போனை என் கையில் கொடுக்கச் சொல்லியிருக்கலாம். சரி, அது போகட்டும். போனில் சொல்லி விளங்குகிற சமாச்சாரமும் இல்லை இது.

முதலில் ஒன்று. ஃபைபர் நுனியைக் கண்ணுக்கு நேரே தூக்கிப் பார்க்காதே. சிவப்பு லைட் கண்ணுக்குத் தெரியும். 1310, 1550 நானோமீட்டர் அலைநீளத்தில் ஓடுகிற வெளிச்சம் தெரியாது. இருட்டாகத்தானே இருக்கிறது என்று பார்ப்பாய், அது பாட்டுக்கு உள்ளே போய்க்கொண்டிருக்கும். வெளிச்சத்தை அளக்கிற மீட்டர் எதற்கு இருக்கிறது?

சிவப்பு வெளிச்சம் போய்ச் சேர்கிறது என்றால் உள்ளே இருக்கிற கண்ணாடி இழை ஒடியவில்லை. உன் கேபிள் பெரும்பாலும் நன்றாகத்தான் இருக்கும். மாறிக் கிடப்பது பொலாரிட்டியாக இருக்கும், அதாவது எந்த இழை எந்த வாயில் போய்ச் சேர்கிறது என்பது. நான் வேலை பார்த்த தாமிர டெலிபோன் கம்பியில் ஒரே ஜோடியில் பேச்சு போகும், வரும். ரெண்டு கம்பியும் இடம் மாறினால்கூடப் பெரும்பாலும் மணி அடித்துவிடும். இப்போது வீட்டுக்கு வருகிற ஃபைபரும் ஒரே இழைதான், 1490-ல் இறங்கும், 1310-ல் ஏறும். நீ இருக்கிற இடத்தில் அப்படி இல்லை. அனுப்ப ஒரு இழை, வாங்க ஒரு இழை. இங்கே அனுப்புகிற வாய் அங்கே வாங்குகிற வாயில் போய் விழ வேண்டும். அனுப்புகிற வாய்க்கு எதிரே இன்னொரு அனுப்புகிற வாய் இருந்தால் ரெண்டும் கொட்டிக்கொண்டே இருக்கும், வாங்க ஆளிருக்காது.

பன்னிரண்டு இழையை ஒரே தலையில் சேர்க்கிற எம்பிஓவை நான் தொட்டதே இல்லை. தம்பியைப் படம் காட்டச் சொல்லி, ரெண்டு ராத்திரி காலண்டர் தாளின் பின்னால் கோடு போட்டுப் பார்த்தேன். 12 இழை டிரங்க் கேபிளில் நீல இழை இந்தப் பக்கம் ஒன்றாம் இடத்தில் ஏறி அந்தப் பக்கமும் ஒன்றிலேயே இறங்கினால் அது டைப் ஏ. ஒன்று பன்னிரண்டாக, ரெண்டு பதினொன்றாகத் திரும்பி இறங்கினால் டைப் பி. ஜோடிக்குள்ளேயே மாற்றிப் போட்டிருந்தால் டைப் சி. பெரும்பாலும் கேபிள் மேலேயே அச்சடித்திருக்கும், படித்துப் பார். நீ டைப் ஏ இழுத்துவிட்டு ரெண்டு கடைசியிலும் ஏ-பி பேட்ச் கார்டு, அதாவது ஒரு முனையில் ஏ மறு முனையில் பி ஆகிற சின்னக் கேபிள், போட்டிருப்பாய் என்று நினைக்கிறேன். அது சேராது. ஒரு பக்கம் ஏ-பி, மறு பக்கம் இடம் மாறாத ஏ-ஏ போடு. டைப் பி, டைப் சி என்றால் ரெண்டு பக்கமும் ஏ-பி.

நீலம், ஆரஞ்சு, பச்சை, பிரவுன், ஸ்லேட்டு. ஒன்றாம் வகுப்பு படிக்கும்போது கன்னடியன் கால்வாய்க் கரையில் என் சைக்கிள் முன் கம்பியில் உட்கார்ந்துகொண்டு கத்துவாய். வெள்ளை, சிவப்பு, கருப்பு, மஞ்சள், வயலெட். தாமிரத்துக்கு நான் சொல்லித் தந்த அதே பத்துதான் ஃபைபருக்கும், வரிசைகூட மாறவில்லை. கடைசியில் ரோசும் அக்வாவும் சேர்த்துப் பன்னிரண்டாக்கிவிட்டார்கள். தம்பிக்கு இன்றைக்கும் ஸ்லேட்டுக்கு அப்புறம் வராது.

கார்டு கிடைக்காவிட்டால், அதன் நுனியில் ரெண்டு தலையையும் சேர்த்துப் பிடிக்கிற எல்சி கிளிப்பைக் கழற்றி ரெண்டு தலையையும் இடம் மாற்றலாம். ஒரு பக்கம் மட்டும் மாற்று. மாற்றினதை லேபிளில் எழுது, அடுத்த ஷிப்ட்காரன் உன்னைத் திட்டக் கூடாது. கணக்கு இவ்வளவுதான்: வழி நெடுக எத்தனை இடத்தில் கிராஸ் ஆகிறது என்று எண்ணு. எம்பிஓவை ஜோடி ஜோடியாகப் பிரிக்கிற கேசட் நேராக இருந்தால் அதை விட்டுவிடு. ஒற்றைப்படையில் முடிந்தால் லிங்க் ஏறும், இரட்டைப்படை என்றால் ஏறாது. மொய் எழுதுகிற மாதிரி.

மொய் என்று எழுதியிருக்க வேண்டாம். எழுதிவிட்டேன்.

சித்திரையில் கடையநல்லூர்க்காரர்கள் வந்திருந்தபோது, "பொண்ணு என்ன வேலை பாக்கா?" என்று மாப்பிள்ளையின் பெரியப்பா கேட்டார். "கம்ப்யூட்டர் வேலை. ஏசி ரூமில் உட்கார்ந்த இடத்தில்" என்றேன். ஏணி ஏறுகிறாள், டிரேயில் கேபிள் இழுக்கிறாள் என்று சொல்ல வாய் வரவில்லை. நீ அடுக்களையில் கேசரித் தட்டோடு நின்றாய். தட்டைக் கீழே வைத்த சத்தம் எனக்குக் கேட்டது. அன்று ராத்திரி நெல்லை எக்ஸ்பிரஸில் ஏறினவள்தான். ஆடி அமாவாசைக்கும் வரவில்லை.

32 வருஷம் நானும் குழிக்குள் இறங்கி ஜாயிண்ட் போட்டவன். அந்தச் சம்பளத்தில்தான் நீ பாலிடெக்னிக் படித்தாய். எனக்குப் பெண் கேட்டுப் போனபோது உன் தாத்தா "பையன் டெலிபோனில் ஆபீசர்" என்றார். நான் ஒன்றும் சொல்லாமல் குனிந்து மிக்சரைத் தின்றுகொண்டிருந்தேன். தாலி கட்டி ஒரு வாரம் கழித்து, சோறு போடும்போது என் நக இடுக்கில் இருந்த கருப்பைப் பார்த்துத்தான் உன் அம்மாவுக்கு விஷயம் தெரிந்தது. அவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை. எலுமிச்சம்பழத் தோலை எடுத்துவந்து இலைக்குப் பக்கத்தில் வைத்தாள். இதை உங்கள் ரெண்டு பேரிடமும் நாங்கள் சொன்னதில்லை. எனக்கு நடந்ததையே உனக்குச் செய்திருக்கிறேன். உன் வேலையில் எனக்கு என்ன வெட்கம்? இந்தத் தெருவில் டைப் ஏ, டைப் பி தெரிந்தவள் நீ ஒருத்திதான்.

பத்தமடையில் ஒரு பாய் வாங்கி வைத்திருக்கிறேன். தரையில் படுப்பதாக அம்மா சொன்னாள். கோரையைப் பட்டுபோலக் கீறி நெய்தது, ஆனாலும் உன் இழைக்கு முன்னால் அது கயிறுதான். வெட்டின ஃபைபர் துண்டைக் கீழே போடாதே, மூடி போட்ட பாட்டிலில் போடு. அதே கையோடு கண்ணைக் கசக்காதே. நுனியைப் பார்க்காதே, மறுபடியும் சொல்கிறேன்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை தரகர் வருகிறாராம். நான் என்ன சொல்லட்டும் என்று அம்மாவிடமாவது சொல்லிவிடு. லிங்க் ஏறினதா என்றும் சொல். என் நம்பர் மாறவில்லை.

இப்படிக்கு,
அப்பா